களிமண் சொன்ன கதை: ஈப்பர் போர்க்களத்தில் ஒரு நாள்

என் மகன் பெல்ஜியத்தில் கென்ட் நகரத்தில் வேலை பார்க்கிறான். நானும் என் கணவரும் அவனோடு ஒரு மாதம் இருந்துவிட்டு வரலாம் என்று செப்டம்பரில் போயிருந்தோம். நான் மன்னார்குடிப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் வரலாறு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவள். கணவர் விவசாயி. பிறந்ததிலிருந்து நஞ்சை வயலிலேயே கிடப்பவர்.

ஒருநாள் ராத்திரி சாப்பிடும்போது மகன் சொன்னான்: "அம்மா, வருஷா வருஷம் முதல் உலகப் போர் நடத்துவியே, அது நடந்த இடம் இங்கேருந்து பக்கம்தான். வேன்ல கூட்டிட்டுப் போய்க் காட்டுறாங்க. அப்பாவும் நீயும் போயிட்டு வாங்களேன்." எனக்கு உடம்பு சிலிர்த்தது. கணவர் மட்டும், "போர் முடிஞ்சு நூறு வருஷம் ஆச்சு. இப்ப அங்க என்னடா இருக்கும், வயல்தானே இருக்கும்?" என்று கேட்டார்.

அவர் சொன்னது சரி. போய்ப் பார்த்தால் வயல்தான் இருந்தது. அந்தப் போரை எனக்குப் புரியவைத்ததும் அந்த வயல்தான்.

அந்த ஊரின் பெயர் ஈப்பர். பிரெஞ்சில் ஈப்ர என்பார்கள். இங்கிலாந்திலிருந்து வந்த சிப்பாய்களுக்கு அது வாயில் நுழையவில்லை, 'வைப்பர்ஸ்' என்று கூப்பிட்டார்கள். 1914 கடைசியிலிருந்து நான்கு வருடம் பிரிட்டிஷ் தரப்பு இந்த ஊரை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது. ஜெர்மானியர்கள் மூன்று பக்கமும் சூழ்ந்து, கொஞ்சம் மேடான இடங்களில் உட்கார்ந்திருந்தார்கள். 1914, 1915, 1917, 1918 என்று திரும்பத் திரும்ப இதே நிலத்தில் பெரிய சண்டைகள் நடந்தன. ஊர் தரைமட்டமானது. இன்று பார்க்கும் ஊர் முழுவதும் போருக்குப் பிறகு பழையபடியே திரும்பக் கட்டியது. நடுவில் இருக்கும் பெரிய துணிச்சந்தை மண்டபத்தைக் கட்டி முடிக்க 1967 ஆகிவிட்டது.

பயணத்தைத் தேர்ந்தெடுத்ததைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் பாதி நல்லது கெட்டது அங்கேயே முடிவாகிவிடுகிறது. மகன் முதலில் பார்த்தது ஐம்பது பேர் போகும் பெரிய பேருந்து. விலை குறைவு, ஒரே நாளில் ஒன்பது இடம் என்று போட்டிருந்தார்கள். அவனோடு வேலை பார்க்கும் உள்ளூர்க்காரர் வேண்டாம் என்று தடுத்தார். ஒன்பது இடம் என்றால் ஓர் இடத்துக்குக் கால் மணி நேரம்தான் கிடைக்கும், ஐம்பது பேர் இறங்கி ஏறுவதிலேயே அதில் பாதி போய்விடும் என்றார். அதனால் எட்டுப் பேர் மட்டும் போகும் வேனைப் பிடித்தோம். பணம் கூடத்தான் ஆனது. ஆனால் வழிகாட்டி நம் முகத்தைப் பார்த்துப் பேசினார். கேள்வி கேட்டால் வண்டியை நிறுத்திப் பதில் சொன்னார்.

பணம் கட்டுவதற்கு முன்னால் மகன் நான்கு கேள்விகளை மின்னஞ்சலில் கேட்டுவிட்டான். எத்தனை இடம் நிற்பீர்கள், அருங்காட்சியகக் கட்டணமும் மதியச் சாப்பாடும் சேர்த்தா, எவ்வளவு நடக்க வேண்டும், ஈப்பரில் ராத்திரி எட்டு மணிக்கு நடக்கும் அஞ்சலி நிகழ்ச்சி இதில் உண்டா? கூடவே ஒரு வரி எழுதினான்: "என் பெற்றோர் இந்தியாவிலிருந்து வருகிறார்கள், அம்மா வரலாற்று ஆசிரியர், இந்தியச் சிப்பாய்களைப் பற்றிக் கேட்க ஆசைப்படுவார்." அந்த ஒரு வரியால் எங்களுக்குக் கிடைத்தது பெரிது. அதைப் பிறகு சொல்கிறேன்.

முதல் நாள் ராத்திரி மகன் ஒரு வெள்ளைத்தாளை எடுத்து ஈப்பர் ஊரை ஒரு புள்ளியாக வைத்து, சுற்றிலும் மேட்டை வளைவாக வரைந்து, யார் எங்கே இருந்தார்கள் என்று அப்பாவுக்குத் தமிழிலேயே சொல்லிக்கொடுத்தான். கணவருக்கு ஆங்கிலம் எழுத்துக்கூட்டிப் படிக்க வரும், பேச்சைப் பின்தொடர வராது. வயதான அப்பா அம்மாவை இப்படி ஒரு பயணத்துக்கு அனுப்புகிற பிள்ளைகள் இதை அவசியம் செய்ய வேண்டும். அரை மணி நேரம் போதும். அந்தத் தாளைக் கணவர் சட்டைப் பையில் மடித்து வைத்திருந்தார். மறுநாள் எங்கே இறங்கினாலும் அதை விரித்து, "இப்ப நாம இந்த இடமா?" என்று கேட்டுக்கொண்டே வந்தார்.

காலையில் கென்ட்டிலிருந்து புரூஜுக்கு ரயிலில் போனோம். அங்கேதான் வேன் ஏற வேண்டும். எங்களோடு வந்தவர்கள் ஆறு பேர். ஆஸ்திரேலியாவிலிருந்து தாயும் மகளும், கனடாவிலிருந்து ஒரு தம்பதி, இங்கிலாந்திலிருந்து ஒரு தகப்பனும் பதின்ம வயதுப் பையனும். அவர்கள் எல்லோருக்கும் குடும்பத்தில் ஒருவராவது இந்த மண்ணில் செத்திருக்கிறார்கள். எங்களுக்கு அப்படி யாரும் இல்லை. வண்டி ஏறும்போது எனக்கு அது ஒரு தயக்கமாகக்கூட இருந்தது, அடுத்த வீட்டு இழவுக்குப் போவது மாதிரி.

நான் செய்த முதல் தவறு பின் இருக்கையில் உட்கார்ந்தது. வழிகாட்டி முன்னால் ஓட்டிக்கொண்டே பேசுகிறார், பாதி சத்தம் என்ஜினிலேயே போய்விட்டது. காது கொஞ்சம் மந்தமாக இருந்தால் வெட்கப்படாமல் முன் இருக்கையைக் கேட்டு வாங்குங்கள். முதல் நிறுத்தத்திலேயே நான் கேட்டேன், இங்கிலாந்துக்காரர் உடனே இடம் மாற்றிக்கொண்டார்.

முதலில் லாங்கமார்க். ஜெர்மானியச் சிப்பாய்களின் கல்லறைத் தோட்டம். குகை மாதிரி இருட்டான ஒரு கல் வாசல் வழியாக உள்ளே போனால், பெரிய ஓக் மரங்களின் நிழலில் தரையோடு தரையாகப் பதித்த கற்கள். 44,000-க்கும் மேற்பட்டவர்கள் அங்கே இருக்கிறார்கள். வாசலுக்குப் பக்கத்தில் ஒரு சதுரப் பாத்தி இருக்கிறது. அந்த ஒரு பாத்தியில் மட்டும் ஏறத்தாழ 25,000 பேர். தோட்டத்தின் கடைசியில் எமில் க்ரீகர் என்ற சிற்பி செய்த நான்கு வெண்கல உருவங்கள் தலைகுனிந்து நிற்கின்றன. காலைப் பனியில் தூரத்திலிருந்து பார்த்தபோது நிஜ ஆட்கள் என்றே நினைத்தேன்.

அங்கே நான் இன்னொரு தவறு செய்துகொண்டிருந்தேன். வழிகாட்டி சொல்வதை வரிக்கு வரி கணவருக்குத் தமிழில் சொல்லப் பார்த்தேன். அதில் எனக்கும் கேட்கவில்லை, அவருக்கும் புரியவில்லை, பக்கத்தில் நின்றவர்களுக்கும் இடைஞ்சல். அவரே, "நீ கேளு. வண்டியில ஏறின பிறகு எனக்குச் சொல்லு. நான் சுத்திப் பாக்குறேன்" என்றார். அதற்குப் பிறகு அப்படித்தான் செய்தோம்.

லாங்கமார்க்கிலிருந்து கொஞ்ச தூரத்தில், சின்ட் யூலியான் என்ற ஊரின் சாலைச் சந்திப்பில் கனடா நாட்டு நினைவுத்தூண் இருக்கிறது. 11 மீட்டர் உயரம். உச்சியில் ஒரு சிப்பாயின் தலையும் தோளும், துப்பாக்கியைத் தலைகீழாக ஊன்றி அதன்மேல் கை வைத்துக் குனிந்திருக்கிறார். 1915 ஏப்ரல் 22 சாயங்காலம் இந்தப் பக்கத்தில்தான் ஜெர்மன் படை உருளைகளைத் திறந்து குளோரின் வாயுவைக் காற்றில் விட்டது. மேற்குப் போர்முனையில் நச்சு வாயுவைப் பெரிய அளவில் ஆயுதமாக்கியது அன்றுதான் முதல் முறை. அல்ஜீரியாவிலிருந்து பிரான்ஸ் கொண்டுவந்திருந்த சிப்பாய்களும் பிரெஞ்சுக்காரர்களும் முதலில் அதில் சிக்கினார்கள். அவர்கள் விலகியதால் முனையில் விழுந்த ஓட்டையை அடைக்க நின்றவர்கள் கனடாக்காரர்கள்.

அங்கே நிற்கும்போதுதான் வழிகாட்டி தன் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து என்னிடம் நீட்டினார். நான்கு நாள் கழித்து, ஏப்ரல் 26 அன்று, இதே பக்கத்தில் எதிர்த்தாக்குதலுக்கு அனுப்பப்பட்டவர்கள் இந்தியப் படையின் லாகூர் டிவிஷன். வெட்ட வெளியில் சரிவு ஏறிப் போகச் சொன்னார்கள். குண்டும் வந்தது, வாயுவும் வந்தது. ஜமேதார் பதவியில் இருந்த மீர் தஸ்த் என்பவர் அன்று பிரிட்டிஷ், இந்திய அதிகாரிகள் எட்டுப் பேரைக் காப்பாற்றிக் கொண்டுவர உதவியதற்காக பிரிட்டனின் மிக உயர்ந்த வீரப் பதக்கமான விக்டோரியா கிராஸ் பெற்றார். வழிகாட்டி தூரத்தில் ஒரு மேட்டைக் காட்டி, "அங்கே" என்றார். பச்சையாக ஏதோ பயிர் இருந்தது. மகன் எழுதிய அந்த ஒரு வரிக்காக அவர் முதல் நாளே இதைத் தேடி அச்செடுத்து வைத்திருந்தார். அதனால்தான் சொல்கிறேன், உங்களுக்கு எதில் மனம் ஒட்டுமோ அதை முன்கூட்டியே எழுதிவிடுங்கள். நல்ல வழிகாட்டிகள் அதை மறக்க மாட்டார்கள்.

டைன் காட் கல்லறைத் தோட்டத்துக்குப் போகிற வழியில் ஒரு பண்ணை ஓரமாக வண்டியை நிறுத்தினார். மின்கம்பத்தின் அடியில் துருவேறிய பீரங்கிக் குண்டு ஒன்று கிடந்தது. உழும்போது இன்றைக்கும் வருகிறதாம். விவசாயிகள் எடுத்துச் சாலையோரம் வைத்துவிடுவார்கள், ராணுவத்தின் வெடிகுண்டுப் பிரிவு வந்து எடுத்துப் போகும். இதை 'இரும்பு அறுவடை' என்கிறார்கள். யாரும் கிட்டே போகக் கூடாது, கையால் தொடவே கூடாது என்று கண்டிப்பாகச் சொன்னார். போர் முடிந்த பிறகும் இவை வெடித்து ஆட்கள் செத்திருக்கிறார்கள். இதை மட்டும் நான் கணவருக்கு அப்போதே சொன்னேன். அவர் வெகுநேரம் அந்த உழவு வயலைப் பார்த்துக்கொண்டிருந்தார். "தினம் உழுறவன் எந்த தைரியத்துல டிராக்டர்ல ஏறுறான்?" என்று கேட்டார்.

இனி டைன் காட்.

காமன்வெல்த் போர்க் கல்லறைத் தோட்டங்களிலேயே உலகத்தில் இதுதான் பெரியது. ஏறத்தாழ 12,000 கல்லறைகள். அவற்றில் 8,000-க்கும் மேற்பட்டவற்றில் பெயர் கிடையாது. யார் என்று தெரியாத உடல்கள். அந்தக் கற்களில் பெயருக்குப் பதிலாக, இவர் யாரென்று கடவுளுக்குத் தெரியும் என்ற பொருளில் ஒரு வரி இருக்கும். பின்னால் அரைவட்டமாக ஒரு சுவர். உடலே கிடைக்காத இன்னும் 35,000 பேரின் பெயர்கள் அதில். தகவல் மையத்துக்குப் போகும் பாதையில் ஒரு பெண் குரல் காணாமல் போனவர்களின் பெயரை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே இருக்கிறது. பெயர், வயது. பெயர், வயது. இருபது, பத்தொன்பது, இருபத்திரண்டு. நான் பிளஸ் டூ முடித்து அனுப்பிய பிள்ளைகளின் முகங்கள் கண் முன்னால் வந்தன. கொஞ்ச நேரம் ஒரு சுவரோரம் உட்கார்ந்துவிட்டேன்.

எல்லோரும் கல்லறைகளைப் பார்த்து நடக்கும்போது கணவர் திரும்பி நின்று எதிர்ப்பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். "இங்க வந்து பாரு" என்று கூப்பிட்டார். நாங்கள் நின்ற இடத்திலிருந்து நிலம் மெதுவாகக் கீழே சரிந்து போகிறது. தூரத்தில் ஈப்பர் ஊரின் கோபுரங்கள் தெரிந்தன. "இதை மேடுன்னு சொல்லவே முடியாது. நம்ம ஊர்ல திடல் இருக்குமே, அந்த அளவு. ஆனா தண்ணிக்கு இது தெரியும். மேல இருக்கிறவன் காய்ஞ்ச தரையில நிப்பான், கீழ இருக்கிறவன் சேத்துல நிப்பான்" என்றார்.

அதை நான் வழிகாட்டியிடம் ஆங்கிலத்தில் சொன்னேன். அவர் சட்டென்று நின்றுவிட்டார். "உங்கள் கணவர் என்ன வேலை செய்கிறார்?" என்று கேட்டார். நெல் விவசாயி என்றேன். அதற்குப் பிறகு அவர் பேசியது எங்கள் இரண்டு பேருக்காக மட்டும் இல்லை, எட்டுப் பேரும் சுற்றி நின்று கேட்டார்கள்.

இந்தப் பகுதி களிமண். தண்ணீர் உள்ளே இறங்காது. தலைமுறை தலைமுறையாக வயலுக்கு வயல் வடிகால் வெட்டி, ஓடையில் சேர்த்துத்தான் இங்கே விவசாயம் செய்தார்கள். சொன்னபக, ஹொல்லபக என்று பக்கத்து ஊர்ப் பெயர்களின் கடைசியில் வருகிற சொல்லுக்கே ஓடை என்றுதான் அர்த்தம். 1917 ஜூலை 31 அன்று பிரிட்டிஷ் படை இந்த மேட்டைப் பிடிக்கப் புறப்பட்டது. அதற்கு முன்னால் 40 லட்சத்துக்கும் மேற்பட்ட பீரங்கிக் குண்டுகளை இந்த நிலத்தில் கொட்டினார்கள். எதிரியின் அரண்கள் உடைந்தனவோ இல்லையோ, வடிகால்கள் எல்லாம் உடைந்தன. ஓடைகளுக்குக் கரை இல்லாமல் போனது. புறப்பட்ட அன்றே மழை பிடித்தது, ஆகஸ்ட் முழுக்கப் பெய்தது. குண்டு விழுந்த ஒவ்வொரு குழியும் குளமானது. காயம்பட்டு விழுந்தவர்கள் அதில் மூழ்கிச் செத்தார்கள். குதிரைகளும் கோவேறு கழுதைகளும் புதைந்தன. பலகை போட்ட பாதையிலிருந்து கால் தவறினால் போச்சு. கடைசியில் நவம்பர் 6 அன்று கனடாப் படை பாஷன்டேல் கிராமத்தைப் பிடித்தது. நூறு நாளில் முன்னேறியது ஏறத்தாழ 8 கிலோமீட்டர். நாங்கள் காலையில் வேனில் பத்து நிமிடத்தில் கடந்த தூரம்.

கணவர் வரப்போரத்தில் குனிந்து ஒரு பிடி மண்ணை எடுத்து விரலால் பிசைந்தார். அது உருண்டையாகத் திரண்டது. "நம்ம களிதான்" என்றார். "இதுல வடிகாலை அடைச்சா ரெண்டு நாள் மழைக்கே முழங்கால் போவும். நடவுக்கு இறங்குறவங்களுக்கே காலைப் பிடுங்க முடியாது. இதுல துப்பாக்கி, மூட்டை, இரும்புத் தொப்பி எல்லாம் போட்டுக்கிட்டு எப்படி ஏறியிருப்பான் அந்தப் பையன்?"

நான் முப்பது வருடம் பாஷன்டேல் என்ற பெயரைக் கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். மழையால் தாக்குதல் தடைப்பட்டது என்று ஒரு வரி சொல்லுவேன். அந்த வரிக்குள் இருப்பது என்ன என்று அந்த மண் உருண்டையைப் பார்த்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. போர்க்களம் பார்க்கப் போகிறவர்களுக்கு நான் சொல்லக்கூடிய முக்கியமான விஷயம் இதுதான். எத்தனை பேர் செத்தார்கள் என்று கேட்பதற்கு முன்னால், மேடு எது பள்ளம் எது, தண்ணீர் எங்கே போகும், யார் யாரைப் பார்க்க முடிந்தது என்று கேளுங்கள். வழிகாட்டியிடம், "எதிரி எங்கே நின்றான், அங்கிருந்து இந்த இடம் எப்படித் தெரிந்திருக்கும்?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டால் போதும். கல்லறைகள் ஏன் அந்த இடத்தில் இருக்கின்றன என்பது தானாக விளங்கிவிடும்.

டைன் காட்டில் எங்களுக்குக் கொடுத்தது நாற்பது நிமிடம். நாங்கள் பத்து நிமிடம் தாமதமாக வந்தோம். மற்றவர்கள் ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் அந்தப் பத்து நிமிடம் அடுத்த இடத்தில் எல்லோருக்கும் குறைந்தது. இறங்கும்போதே கைபேசியில் மணி வைத்துக்கொள்வது நல்லது.

மதியம் சொன்னபக ஊரில். பயணத்தில் சேர்ந்த சாப்பாடு ரொட்டியும் இறைச்சியும் சூப்பும். கணவர் சைவம், அவருக்குச் சீஸ் வைத்த ரொட்டிதான் இருந்தது. நான் கட்டிக்கொண்டு போயிருந்த எலுமிச்சை சாதம் கைகொடுத்தது. வேனுக்குள் சாப்பிட விடவில்லை, வெளியே பூங்கா பெஞ்சில் உட்கார்ந்து சாப்பிட்டோம். கழிப்பறை விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். கல்லறைத் தோட்டங்கள் பலவற்றில் கழிப்பறை கிடையாது. இருக்கும் இடத்தில் சில்லறை கேட்பார்கள். ஐம்பது சென்ட் காசுகள் நான்கைந்து கையில் இருக்கட்டும். எங்கே கழிப்பறை பார்த்தாலும் தேவையோ இல்லையோ போய்விட்டு வருவது உத்தமம்.

அந்த ஊரில் 1917 போருக்கென்றே ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. தரைக்கு அடியில் சிப்பாய்கள் எப்படி மரச்சட்டம் அடித்து வாழ்ந்தார்கள் என்று ஒரு சுரங்க அறையைக் கட்டிக் காட்டுகிறார்கள். வெளியே பதுங்கு குழிகளும் உண்டு. படி இறங்க வேண்டும், கூரை தாழ்வு, வெளிச்சம் குறைவு. முட்டி வலி உள்ளவர்களும் மூச்சு முட்டுகிறவர்களும் மேலேயே இருந்துவிடலாம், குறை ஒன்றும் இல்லை. இங்கிலாந்துப் பையன் காலை முழுக்கக் கைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தவன், இங்கேதான் முதல் முறையாகத் தன் அப்பாவிடம் கேள்வி கேட்க ஆரம்பித்தான்.

பிற்பகலில் ஹில் 60. பெயரில் இருக்கும் 60, கடல் மட்டத்திலிருந்து 60 மீட்டர் என்ற கணக்கு. அதுவும் இயற்கை மேடு இல்லை, பத்தொன்பதாம் நூற்றாண்டில் ரயில் பாதைக்குத் தோண்டிய மண்ணைக் கொட்டியதால் உண்டானது. அந்த மண்குவியலுக்காக இரண்டு தரப்பும் மாறி மாறிச் செத்தார்கள். அடியில் சுரங்கம் தோண்டி வெடிமருந்து நிரப்பினார்கள். 1917 ஜூன் 7 அதிகாலை 3.10-க்கு மெசீன் மேட்டு வரிசையில் 19 வெடிகள் வெடித்தன. அதில் ஒன்று ஹில் 60. ரயில் பாதைக்கு அந்தப் பக்கம் வெடித்த இன்னொன்றின் பள்ளம் இன்று வட்டமான குளமாக, சுற்றிலும் மரங்களோடு அமைதியாக இருக்கிறது. ஹில் 60-ஐ யாரும் சமன் செய்யவில்லை. புல் மூடிய மேடும் பள்ளமுமாக அப்படியே விட்டிருக்கிறார்கள். சுரங்கத்துக்குள் இறந்தவர்கள் பலர் இன்னும் அடியிலேயே இருக்கிறார்கள்.

அங்கே மழை பிடித்துக்கொண்டது. கணவர் போட்டிருந்தது தோல் செருப்பு, காலுறையோடு. ஐந்து நிமிடத்தில் ஊறிவிட்டது. நானும் குடை மட்டும்தான் எடுத்திருந்தேன், அந்த மேட்டுக் காற்றுக்குக் குடை நிற்கவில்லை. கணுக்காலை மூடுகிற, தண்ணீர் புகாத காலணியும் தொப்பி வைத்த மழைக்கோட்டும் அந்த ஊருக்கு எந்த மாதத்திலும் வேண்டும். ஒரு ஜோடி காலுறை கூடுதலாகப் பையில் இருந்தால் மிச்ச நாள் தப்பிக்கும். எங்களிடம் இல்லை. கனடா அம்மா தன் பையிலிருந்து ஒரு ஜோடி எடுத்துக் கொடுத்தார். கணவர் அதைப் போட்டுக்கொண்டு, "ரொம்ப நன்றிம்மா" என்று தமிழிலேயே சொன்னார். அந்த அம்மாவுக்குப் புரிந்தது.

ஹில் 60-லிருந்து தெற்கே கொஞ்ச தூரத்தில் ஹொல்லபக. இறங்க நேரம் இல்லை, வழிகாட்டி வண்டியை மெதுவாக ஓட்டிக்கொண்டே சொன்னார். 1914 அக்டோபர் 31 அன்று அங்கே ஓர் இயந்திரத் துப்பாக்கியில் இருந்த இந்தியச் சிப்பாய்கள் ஒவ்வொருவராக விழ, குதாதாத் கான் என்பவர் மட்டும் காயத்தோடு சுட்டுக்கொண்டே இருந்தார். செத்துவிட்டார் என்று எதிரிகள் விட்டுப் போன பிறகு ஊர்ந்து தன் படையிடம் திரும்பினார். இந்தியச் சிப்பாய் ஒருவருக்கு விக்டோரியா கிராஸ் கிடைத்தது அதுதான் முதல் முறை. 1911 வரை இந்தியர்களுக்கு அந்தப் பதக்கம் பெறத் தகுதியே கிடையாது. செப்டம்பர் கடைசியில் மார்சேய் துறைமுகத்தில் வந்து இறங்கியவர்களை ஒரு மாதத்தில், குளிருக்கு ஏற்ற துணிகூடச் சரியாக இல்லாமல், இந்த முனைக்குக் கொண்டுவந்தார்கள். இதைச் சொன்னபோது வண்டியில் இருந்த மற்றவர்கள் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். ஆஸ்திரேலியப் பெண், "இதெல்லாம் எங்களுக்குப் பள்ளியில் சொல்லவே இல்லை" என்றார். எங்கள் ஊர்ப் பாடத்திலும் அதிகம் இல்லை என்றேன். காலையில் இருந்த தயக்கம் எனக்கு அப்போது போயிருந்தது.

வேன் ஐந்து மணிக்குப் புரூஜ் திரும்பிவிடும். எட்டு மணி நிகழ்ச்சி அதில் கிடையாது. மகன் முன்னாலேயே கேட்டிருந்ததால் எங்களை ஈப்பரிலேயே இறக்கிவிடச் சொல்லியிருந்தோம். பகல் பயணம் போகிறவர்கள் பலர் இதைத் தவறவிடுகிறார்கள். ஈப்பரிலிருந்து கோர்ட்ரைக் வழியாகக் கென்ட்டுக்கு ரயிலில் போய்விடலாம். கடைசி ரயில் எப்போது என்பதை மட்டும் காலையிலேயே பார்த்து எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

மெனின் கேட் என்பது சாலைக்கு மேல் கட்டிய பெரிய வளைவு மண்டபம். இந்த வழியாகச் சிப்பாய்கள் பலர் போர்முனைக்கு நடந்து போனார்கள். 1927-ல் திறந்தார்கள். சுவர், படிக்கட்டு, மாடம் என்று எங்கே பார்த்தாலும் பெயர்கள். உடல் கிடைக்காதவர்கள் 54,000-க்கும் மேல். இத்தனை பெரிய சுவரும் போதாமல், 1917 ஆகஸ்ட் 15-க்குப் பின் காணாமல் போன பிரிட்டிஷ் சிப்பாய்களின் பெயர்களைத்தான் டைன் காட்டில் வெட்டினார்கள். மெனின் கேட்டில் இந்தியப் படைப்பிரிவுகளின் பெயர்களும் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. தேடுகிற பெயர் ஏதாவது உங்களுக்கு இருந்தால், காமன்வெல்த் போர்க் கல்லறைகள் ஆணையத்தின் இணையதளத்தில் முன்கூட்டியே தேடிப் பலகை எண்ணைக் குறித்துக்கொண்டு போங்கள். அங்கே போய்த் தேடினால் கழுத்து வலிதான் மிஞ்சும். ஆஸ்திரேலியத் தாயும் மகளும் எண்ணோடு வந்திருந்தார்கள். அவர்களும் எங்களோடு ஈப்பரில் தங்கிவிட்டார்கள். மகள் பாட்டியின் அண்ணன் பெயரைக் கண்டுபிடித்துக் கையை உயர்த்திக் காட்டினாள். அந்த அம்மா போரில் செத்தவர்களின் நினைவாக வைக்கிற பாப்பிப் பூவை, காகிதத்தில் செய்த சின்னதாக ஒன்றை, கீழே வைத்தார். அவர் அழவில்லை, நான்தான் அழுதேன்.

கணவர் இந்தியப் பலகைகளின் முன்னால் நின்று எழுத்துக்கூட்டி வாய்விட்டுப் படித்துக்கொண்டிருந்தார். சிங், கான், தாப்பா, குருங். "நம்ம பக்கத்துப் பேரு ஒண்ணும் காணோமே" என்றார். அப்போது பிரிட்டிஷ்காரர்கள் பஞ்சாப், எல்லைப்புறம், கட்வால், நேபாளம் பக்கமிருந்துதான் பெரும்பாலும் ஆள் எடுத்தார்கள், தெற்கத்தி ஆட்களைச் சண்டைக்குத் தகுதியில்லாதவர்கள் என்று ஒதுக்கி வைத்திருந்தார்கள் என்று சொன்னேன். "அதனால என்ன, நாம வந்துட்டோம்ல" என்று சொல்லிவிட்டு அடுத்த வரியைப் படிக்க ஆரம்பித்தார்.

ஏழரைக்கே கூட்டம் சேர்ந்துவிட்டது. முன்வரிசை வேண்டுமானால் ஏழே காலுக்குப் போய் நிற்க வேண்டும். எட்டு மணிக்குப் போலீஸ் போக்குவரத்தை நிறுத்தியது. எக்காளம் ஏந்தியவர்கள் சாலை நடுவில் வந்து நின்று, செத்த சிப்பாய்களுக்கு அஞ்சலியாக ஊதும் 'லாஸ்ட் போஸ்ட்' இசையை ஊதினார்கள். 1928-ல் தொடங்கியது, 1929-லிருந்து தினமும் நடக்கிறது. இரண்டாம் உலகப் போரில் ஜெர்மன் ஆக்கிரமிப்பின்போது இங்கே நின்றுபோய் இங்கிலாந்தில் நடந்தது. 1944 செப்டம்பர் 6 அன்று ஊர் விடுதலையான சாயங்காலமே திரும்பத் தொடங்கிவிட்டார்கள். கட்டணம் கிடையாது. கைதட்டக் கூடாது, அது நிகழ்ச்சி இல்லை, அஞ்சலி. கைபேசியைத் தூக்கிப் பிடிக்காமல் இருந்தால் பின்னால் நிற்கும் குழந்தைகளுக்குத் தெரியும்.

முடிந்ததும் கார்கள் ஓடத் தொடங்கின. ரயில் நிலையத்துக்கு வேகமாக நடந்தோம். வண்டியில் கணவர் ஒன்றும் பேசவில்லை, நானும் பேசவில்லை. அன்று ராத்திரி வெளியே சாப்பிடலாம் என்று மகன் சொல்லியிருந்ததை வேண்டாம் என்றோம். இப்படி ஒரு நாளுக்குப் பிறகு வேறு எதையும் வைத்துக்கொள்ளாமல் இருப்பது நல்லது.

மறுநாள் காலையில் கணவர் முதல் வேலையாக ஊருக்குப் போன் செய்தார். தம்பி எடுத்ததும் நலம் விசாரிக்கவில்லை. "டேய், மழை வர்றதுக்குள்ள வடிகால் வாய்க்காலைத் தூர் வாரிட்டீங்களா? கடைமடை வரைக்கும் ஒரு தடவை நடந்து பாத்துட்டு எனக்குச் சொல்லு" என்றார்.